பூவாயியின் இடது கை

பெட்ரீசியாவுக்குச் சாகப் பயமில்லை. போட்டோவை நினைத்தால்தான் பயம்.

சிரிக்காதீர்கள். ஈப்போ வட்டாரத்தில் எத்தனையோ சாவு வீட்டுக்குப் படம் செய்து கொடுத்தவள் அவள். பெட்டியை இறக்கி, மண்ணைப் போட்டு, வந்த கூட்டம் மீஹூன் சாப்பிட்டுக் கலைந்த பிறகு, போன ஆளுக்கென்று மிஞ்சுவது சுவரில் ஓர் ஆணியும் அதில் தொங்கும் ஒரு சட்டமும்தான். பின்னால் பிறக்கிற பிள்ளைகளுக்கு அந்தச் சட்டத்தில் இருப்பதுதான் அந்த ஆள். உயிரோடு இருந்தபோது அவர் எப்படி இருந்தார், எப்படிச் சிரித்தார் என்றெல்லாம் எவனும் கேட்கப் போவதில்லை. இது பெட்ரீசியாவுக்கு நன்றாகத் தெரியும்.

அவளுக்கு வயது ஐம்பத்திரண்டு. இடது மார்பை எடுத்து மூன்று வருஷமாயிற்று. போன கிறிஸ்மஸுக்கு முன்னால் முதுகு வலிக்கிறது என்று போனவளிடம், எலும்புக்குப் பரவிவிட்டது என்றார்கள். “வீட்டுல இருங்க, பிடிச்சத சாப்பிடுங்க” என்றார் டாக்டரம்மா. ஆஸ்பத்திரியில் அப்படிச் சொன்னால் என்ன அர்த்தம் என்று யாரும் அவளுக்கு விளக்க வேண்டியிருக்கவில்லை. மெங்லெம்புவில் லாரி ஓட்டும் தம்பி கால்வின் வீட்டுப் பின்னறையில் படுத்துக்கொண்டாள். கல்யாணம் ஆகவில்லை. அதற்கும் ஒரு போட்டோதான் காரணம். அந்தக் கதைக்கு வருகிறேன்.

அவளுக்கு வேண்டியதெல்லாம் ஒன்றுதான், பெட்டிக்குத் தலைமாட்டில் வைக்க ஒரு படம். ஏதோ ஒரு படம் போதாது. இருபத்தாறு வயதில் ஊதாப் பட்டு உடுத்தி, கழுத்து நிறைய நகை போட்டு, நிமிர்ந்து உட்கார்ந்து எடுத்த அந்தப் படம் வேண்டும். வாழ்க்கையில் அவள் மணப்பெண் மாதிரி உடுத்தியது அன்றைக்கு ஒருநாள்தான். அந்தப் படம் ஈப்போவிலிருந்து ஹுத்தான் மெலிந்தாங் வரைக்கும் பல வீட்டுச் சுவர்களில் இன்றைக்கும் தொங்குகிறது. கொடுமை என்னவென்றால், ஒன்றில்கூட அவள் தலை இல்லை.

நடந்ததைச் சொல்கிறேன். தான் பிறந்த தோட்டத்தில் ரப்பரை அழித்துச் செம்பனை நட்டு, லயத்து வரிசை வீட்டு ஆட்களைக் காலி பண்ணச் சொன்னபோது, பெட்ரீசியா ஈப்போவுக்கு வந்து லியோங் என்கிற சீனரின் போட்டோ ஸ்டூடியோவில் வேலைக்குச் சேர்ந்தாள். முதலில் கூட்டிப் பெருக்கினாள், பிறகு கவுண்டரில் உட்கார்ந்தாள். தொண்ணூற்றொன்பதில் தவுக்கே, அதாவது முதலாளி லியோங், ஒரு ஸ்கேனர் வாங்கினார். அந்தப் பெட்டிக்குள் ஓசியாக ஒரு சீடி கிடந்தது. போட்டோவை வெட்டி ஒட்டுகிற சாஃப்ட்வேர். வீட்டில் பிள்ளைகுட்டிகளோடு விளையாடுவதற்காகச் செய்தது போலிருக்கிறது. பிறந்தநாள் தொப்பி, பலூன், பூப்போட்ட ஓரம், மூக்கை இழுத்து நீட்டுகிற கூத்து, கண்ணில் விழுந்த சிவப்பைத் துடைக்க ஒரு பொத்தான் எல்லாம் அதில் இருந்தன. செய்தவன் எந்த ஊரில் உட்கார்ந்து எதற்காகச் செய்தானோ, பேரா மாநிலத்தில் அது செத்தவர்களுக்குச் சேலை கட்டிவிடத்தான் பயன்பட்டது.

ஏனென்றால் தோட்டத்துப் பொம்பளைகளுக்குப் படம் கிடையாது. விடியுமுன் பெரட்டுக்கு நின்று பேர் கொடுத்து, ரப்பர் மரத்தை உளியால் வெட்டி, பால் தூக்கி, வீட்டுக்கு வந்து ஆக்கிப் போட்டவள் எந்த நேரத்தில் ஸ்டூடியோவுக்குப் போவாள்? ஐசி என்கிற அடையாள அட்டையில் இருக்கும் தலை ஒன்றுதான் அவளுக்குப் படம். ஆள் போனதும் மகனோ மகளோ அந்த ஐசியைக் கொண்டுவந்து கவுண்டரில் வைத்துவிட்டு அழுவார்கள். “பெருசு பண்ணிக் குடுங்க. பட்டு கட்டின மாதிரி இருக்கணும். கழுத்துல நகை போடுங்க. எங்கம்மா ஒரு நல்ல சேல கட்டிப் பாத்ததில்ல.” இது ஒரு வழக்கமாகவே ஆகிப்போனது. உயிரோடு இருந்தபோது வாங்கிக் கொடுக்காத பட்டையெல்லாம் செத்த பிறகு படத்தில் கட்டிவிடுவது. நான் குறை சொல்லவில்லை. இல்லாத வீட்டில் எதைக் கொண்டுபோய் வாங்கிக் கொடுப்பது?

தலை இருக்கிறது, உடம்புக்கு எங்கே போவது? தவுக்கே அப்போதுதான் ஃபிளாப்பியில் படம் பிடிக்கிற கேமரா ஒன்று வாங்கியிருந்தார். அதற்குப் பிலிமும் கிடையாது, நெகட்டிவும் கிடையாது. பக்கத்துச் சேலைக்கடையில் ஊதாப் பட்டு ஒன்றை இரவல் வாங்கி வந்தார். நகை முலாம் பூசியது. “பெட்ரீசியா, லு டுடுக் சினி” என்று நாற்காலியைக் காட்டினார்.

உட்கார்ந்தாள். வலது கையை மடியில் வைத்து, அதன் மேல் இடது கையை வைத்தாள். பிறகு திரையில் தன்னைப் பார்த்தபோது நம்ப முடியவில்லை. அலமாக், இது நானா! லயத்தில் வாளி தூக்கி வளர்ந்த பிள்ளை, கல்யாண மேடையில் உட்கார்ந்திருக்கிற மாதிரி இருந்தாள். அம்மாவிடம் காட்ட வேண்டும் என்று அப்படி ஓர் ஆசை வந்தது.

ஆனால் வாசலில் ஆர்டர் நின்றது. முதல் ஆர்டர் பூவாயி. பெட்ரீசியா பிறந்த அதே தோட்டத்துக்காரி, லயத்தில் சில வீடு தள்ளி இருந்தவள். அவள் மகள் குமுதா அழுதழுது கண் வீங்கிப்போய் வந்து நின்றாள். பெட்ரீசியா மௌஸைப் பிடித்தாள். அந்த சாஃப்ட்வேரில் கயிற்றுச் சுருக்கு மாதிரி ஒரு கருவி உண்டு. கை நடுங்காமல் தாடையைச் சுற்றி இழுத்து வந்து முடிச்சுப் போட்டால், உள்ளே அகப்பட்டது தனியாகக் கழன்று வரும். தன் தலையைச் சுற்றிச் சுருக்குப் போட்டாள், அழித்தாள். மூடும்போது அது கேட்டது: சேமிக்கவா? ஆமாம் என்று தட்டினாள். வேறு பேர் கொடுத்து வைக்க வேண்டும் என்கிற விவரமெல்லாம் அப்போது யாருக்கு இருந்தது? அந்தக் காலத்து சாஃப்ட்வேர் செய்ததை ஒரே ஒருதரம்தான் பின்னால் திருப்பும், அதுவும் மூடுவதற்குள். மறுநாள் அம்மாவுக்காக ஒரு படம் எடுத்துக்கொள்ளலாம் என்று திறந்தால் பட்டும் நகையும் கையும் இருந்தன, கழுத்துக்கு மேலே வெள்ளையாக இருந்தது. ஃபிளாப்பியை அதற்குள் அழித்து வேறு படம் எடுத்துவிட்டார்கள்.

“தாப்பா லா, இன்னொரு நாள் எடுக்கலாம்” என்றார் தவுக்கே. சேலை கடைக்குப் போய்விட்டது. அந்த இன்னொரு நாள் வரவே இல்லை.

பூவாயியின் படம் அபாரமாக வந்தது. அதைப் பார்த்துவிட்டு ஒன்றன்பின் ஒன்றாக ஆட்கள் வந்தார்கள். தெலுக் இந்தானிலிருந்து வந்தார்கள், சித்தியவானிலிருந்து வந்தார்கள். எல்லாருக்கும் அதே உடம்புதான். சேலையின் நிறத்தை மட்டும் மாற்றுவாள், இவளுக்குப் பச்சை, அவளுக்குச் சிவப்பு. இந்து வீடென்றால் பொட்டும் தாலியும், வேதக்கார வீடென்றால் கழுத்தில் சிலுவை. அவரவர் படம் அவரவர் வீட்டில் தொங்குவதால் பக்கத்தில் வைத்துப் பார்க்க ஆளில்லை.

அந்த உடம்பில் ஒரே ஓர் இடத்தை மட்டும் அவள் தொட்டதில்லை. இடது கைக் கட்டைவிரலுக்குக் கீழே பிறை மாதிரி ஒரு வடு. எட்டு வயதில் லயத்துக் கூரைத் தகரம் கிழித்தது. பக்கத்துத் தோலை எடுத்து அதன்மேல் முத்திரை குத்தினால் மறைந்துவிடும், அதற்கும் அந்த சாஃப்ட்வேரில் வழி இருந்தது. தவுக்கேகூடச் சொன்னார். அவள் கேட்கவில்லை. தலையைத்தான் கொடுத்தாயிற்று, இதாவது என்னுடையதாக இருக்கட்டும் என்று வீம்பாக விட்டுவிட்டாள்.

“உசுரோட இருக்கறவ ஒடம்ப செத்தவளுக்கெல்லாம் குடுக்கிறியே, வெளங்குமாடி?” என்று அவள் அம்மா தலையில் அடித்துக்கொண்டாள்.

“வெறும் போட்டோம்மா அது. நீ வேற!” என்று சிரித்தாள் பெட்ரீசியா.

ரெண்டு வருஷம் கழித்துச் சித்தியவானிலிருந்து பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளை பேர் கேப்ரியல். துறைமுகத்தில் வேலை, அமைதியான ஆள், தாயில்லாத பிள்ளை. வந்தவர்களுக்குப் பெட்ரீசியாவைப் பிடித்துப்போயிற்று, அவளுக்கும் அவனைப் பிடித்தது. அதை ஏன் மறைக்க வேண்டும்? தேத்தண்ணீர்த் தட்டை நீட்டினாள். அவன் நிமிர்ந்து அவள் முகத்தைப் பார்த்துச் சிரித்தான். பிறகு தட்டைப் பிடித்திருந்த கையைப் பார்த்தான். சிரிப்பு அப்படியே போய்விட்டது. கோப்பையை எடுக்காமல் அந்தக் கட்டைவிரலையே பார்த்துக்கொண்டிருந்தான்.

அவன் அம்மா படம் லியோங் ஸ்டூடியோவில் செய்தது. பச்சைச் சேலை. தினமும் அதற்கு முன்னால் மண்டியிட்டு ஜெபம் பண்ணுகிறவன். ஊருக்குத் திரும்பிப் போனதும் தரகரிடம் சொல்லி அனுப்பினான்: “பொண்ண குறை சொல்லலண்ணே. அந்தக் கைய பாத்தா எங்கம்மா மாதிரியே இருக்கு. அதப் புடிச்சி எப்படிண்ணே மோதிரம் போடுறது?”

பெட்ரீசியாவின் அம்மா ஒரு மாதம் மகளோடு பேசவில்லை. அதற்குப் பிறகு வந்த ஒன்றிரண்டு இடமும் தட்டிப்போயிற்று. அவற்றுக்குக் காரணம் வேறாகக்கூட இருக்கலாம். ஆனால் யாருக்குத் தட்டு நீட்டினாலும் இடது கையை முந்தானைக்குள் இழுத்துக்கொள்ளும் பழக்கம் அவளுக்கு வந்துவிட்டது. இளமை அப்படியே போனது. ஆளாளுக்குக் கைபேசி வந்ததும் ஸ்டூடியோவும் மூடிப்போய், சூப்பர்மார்க்கெட்டில் காசு வாங்கிப் போடும் வேலையில் மிச்ச வருஷம் கழிந்தது. பிறகு நோய் வந்தது. மார்பை எடுத்தபோது அந்தப் பக்கக் கையும் வீங்கிக்கொண்டது. சுற்றிலும் தோல் உப்பியதில் பிறை வடு மட்டும் ஒரு பள்ளமாகத் தெரிந்தது.

“எனக்கும் ஒரு ஒடம்பு இருந்துச்சு வலேரி” என்று ஒருநாள் கால்வின் மகளிடம் சொன்னாள். “சனம் கடைசியா ஒருதரம் அதப் பாக்கட்டும். இந்த மொட்டத் தலையையும் வீங்கின கையையும் பாத்துட்டுப் போகக்கூடாது.”

வலேரி கெட்டிக்காரி, பினாங்கில் வேலை. லீவுக்கு வந்திருந்தவள் அத்தை எதற்கு அழுகிறாள் என்று கேட்டுத் தெரிந்துகொண்டு, கைபேசியை எடுத்து ரெண்டு நிமிஷத்தில் ஒரு படம் செய்து நீட்டினாள். பெட்ரீசியாவின் முகம், தலை நிறைய முடி, மல்லிகைப்பூ, அரக்குப் பட்டு. ஒரு சுருக்கமில்லை.

“இது யாரு ஒடம்பு?”

“யாரோடதும் இல்ல அத்தை. அதுவே செய்யும்.”

“யாரோடதும் இல்லாத ஒடம்ப வச்சிக்கிட்டு நான் என்னடி பண்றது?” என்று கைபேசியைத் திருப்பிக் கொடுத்துவிட்டாள். “என் பழைய சீடி ஒண்ணு இருக்கு. அதத் தொறந்து குடு.”

ஸ்டூடியோ மூடிய அன்றைக்குத் தவுக்கே கொடுத்த சீடி அது. புது லேப்டாப் அதிலிருந்த கோப்பை இன்னதென்றே தெரியவில்லை என்றது. வலேரி விடவில்லை. அந்தக் காலத்து சாஃப்ட்வேரையெல்லாம் தேடிச் சேர்த்து வைத்துக் கொஞ்சுகிற கூட்டம் ஒன்று இணையத்தில் இருக்கிறதாம். அங்கிருந்து அதே சாஃப்ட்வேரை இறக்கிக்கொண்டு வந்தாள். அதே வண்ணத்தட்டு, அதே தூரிகை, திறக்கும்போது டிங்கென்று அதே மணிச்சத்தம். கீழே உலகத்து ஆட்களெல்லாம் உருகி உருகி எழுதியிருந்தார்கள்: என் சின்ன வயசு ஞாபகம் வருகிறது, எங்கள் வீட்டுப் பூனைக்குத் தொப்பி போட்டேன், ஆஹா ஓஹோ. வலேரி படித்துக் காட்டினாள்.

“பூனைக்குத் தொப்பியா? குடுத்து வச்சவங்க” என்றாள் பெட்ரீசியா. ஆனாலும் அந்த மணிச்சத்தத்தைக் கேட்டதும் அவள் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். மௌஸைத் தானே வாங்கிக்கொண்டாள். எந்தக் கருவி எந்த மூலையில் என்று கைக்கு மறக்கவில்லை.

கோப்பு திறந்தது. மேலேயிருந்து வரி வரியாக இறங்கியது. கழுத்து வெட்டு வந்தது, நகை வந்தது, தோள் வந்தது. அதோடு நின்றுவிட்டது. கீழே முழுக்கச் சாம்பல் நிறம். சீடியைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தார்கள். பூஞ்சை ஓர் ஓரத்தைத் தின்றிருந்தது. வேறு பிரதி கிடையாது.

பெட்ரீசியா சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். ஒருநாள் முழுக்கச் சாப்பிடவில்லை. கால்வின் கெஞ்சிப் பார்த்தான், கத்திப் பார்த்தான். மறுநாள் அவளே எழுந்து உட்கார்ந்து சொன்னாள்: “மத்தவங்களுக்கெல்லாம் நெறத்த மாத்திட்டேன். பூவாயிக்கு மட்டும் மாத்தல. ஊதா அப்படியே இருக்கும். பெரிய சைஸ், கண்ணாடி போட்டது, கைபேசியில புடிச்சா மினுங்கும். அத வாங்கி ஸ்கேன் பண்ணினா போதும், என் ஐசி தலைய நானே வச்சிக்குவேன். என்னைக் குமுதாக்கா வீட்டுக்குக் கூட்டிட்டுப் போடா.”

“வாங்க முடியுமாக்கா? குடுப்பாங்களா?”

“என் ஒடம்புதானடா. கேட்டா குடுக்க மாட்டாங்களா?”

தெலுக் இந்தானுக்கு வெளியே, செம்பனைக்கு நடுவில் ஒரு தாமான், வரிசை வீடுகள். கால்வின் காரின் முன் இருக்கையைச் சாய்த்து, முதுகுக்குத் தலையணை வைத்து அவளைக் கொண்டுபோனான். ஒவ்வொரு பள்ளத்துக்கும் அவள் பல்லைக் கடித்தாள். வழியெல்லாம் சொல்ல வேண்டியதைச் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டாள். அக்கா, நீங்க கோவிச்சுக்கக்கூடாது, அந்தப் படத்துல தல மட்டும்தான் உங்கம்மா, கீழ இருக்கறது நான். இவ்வளவுதான். இதைச் சொல்ல என்ன இருக்கிறது?

குமுதாவுக்கு அறுபது வயது. நரைத்துப் பருத்திருந்தாள். கதவைத் திறந்ததும் அடையாளம் தெரியாமல் விழித்து, தெரிந்ததும் வாயில் கை வைத்தாள். “அடப்பாவமே, என்ன தங்கச்சி இப்படி ஆயிட்டீங்க!” என்று அழத் தொடங்கிவிட்டாள். உள்ளே உட்காரவைத்து மைலோ கலக்கிக் கொடுத்தாள். பெட்ரீசியா வலது கையால் வாங்கினாள். இடது கை பழக்கத்தில் சால்வைக்குள் போயிருந்தது.

எதிரே சுவரில் பூவாயி தொங்கினாள். பிளாஸ்டிக் சாமந்தி மாலை, சின்னச் சிவப்பு பல்பு, ஊதாப் பட்டு. பெட்ரீசியா தன்னைப் பார்த்தாள். அந்தத் தோள், அந்த இடுப்பு, அந்த நிமிர்வு. இவ்வளவு அழகாகவா இருந்தேன்? கையை நீட்டினால் போதும், அப்படியே பிடுங்கிக்கொண்டு ஓடிவிடலாம் போல் இருந்தது.

“அந்தப் படத்த ரெண்டு நாள் குடுங்கக்கா. ஸ்கேன் பண்ணிட்டு அப்படியே கொண்டாந்துடறேன்.”

“எதுக்கு தங்கச்சி?”

பெட்ரீசியா வாயைத் திறந்தாள். குமுதா அதற்குள் எழுந்து படத்தண்டை போய்விட்டாள். “கேக்கறீங்களேன்னு இருக்கு, ஆனா அம்மாவ நான் எறக்கறதே இல்ல. வெள்ளம் வந்தப்ப ஒருக்கா எறக்கினேன், தலையில வச்சிக்கிட்டு நின்னேன். இங்க பாருங்க” என்று கண்ணாடியில் ஓர் இடத்தைத் தொட்டாள். படத்தின் இடது கை இருக்கும் இடம். அங்கே மட்டும் கண்ணாடி தேய்ந்து மங்கலாகியிருந்தது. “தெனமும் தொட்டுட்டுத்தான் வெளிய போறது. பேரப்புள்ளங்ககூட பரிட்சைக்குப் போகும்போது தொட்டுட்டுப் போகுங்க.”

“நல்லதுக்கா” என்றாள் பெட்ரீசியா.

“உண்மையச் சொல்றேன், எங்கம்மா மூஞ்சி எனக்கு மறந்துருச்சு. இது ஐசி மூஞ்சி, யாரையோ பாத்து மொறைக்கிற மாதிரி இருக்கு. அம்மா இப்படி இருக்க மாட்டாங்க. ஆனா அந்தக் கை மறக்கல. வடு தெரியுதா? உளி கிழிச்சது. நான் சின்னப் புள்ள, பக்கத்து மரத்துல பால் வடியற மங்கு தொடச்சிக்கிட்டு நின்னேன். ரத்தம் சொட்டச் சொட்ட ஒட்டுப்பால வச்சி அமுக்கிக்கிட்டு அடுத்த மரத்துக்குப் போயிட்டாங்க. அன்னிக்கு ராத்திரி அந்தக் கையாலதான் என்னத் தட்டித் தூங்க வச்சாங்க.”

பூவாயிக்கு அப்படி ஒரு வடு இருந்ததா? பெட்ரீசியாவுக்கு ஞாபகமில்லை. மரம் வெட்டுகிறவர்கள் கையில் உளி கிழிக்காமலா இருக்கும்? இருந்திருக்கலாம். எந்தக் கையில், எந்த இடத்தில் என்று இனிமேல் யாரைக் கேட்பது?

கால்வினுக்குப் பொறுக்கவில்லை. அக்காவை இவ்வளவு தூரம் வலியோடு கொண்டுவந்தவன் அவன். “சொல்லேன்க்கா. அந்தக் கை...”

குமுதா திரும்பினாள். “கைக்கு என்ன?”

குமுதா படத்தைப் பார்த்தாள், பெட்ரீசியாவைப் பார்த்தாள். குமுதா முகத்தில் என்னவோ ஒரு பயம் வந்தது. “தங்கச்சி, நீங்கதானே செஞ்சீங்க. ஐசியில தலைதானே இருந்துச்சு? மிச்சம் எங்கண்ணன் குடுத்த படத்துலேர்ந்துதானே எடுத்தீங்க? சித்தப்பா கல்யாணத்துல அம்மாவ எடுத்த படம் ஒண்ணு இருந்துச்சு, அண்ணன் அதக் கொண்டாந்து குடுத்திருப்பாருன்னுதான் நான் நெனச்சிக்கிட்டு இருக்கேன். அவரும் போயிட்டாரு, கேக்க ஆளில்ல. இது அம்மா கைதானே?”

அண்ணன் எந்தப் படமும் கொடுக்கவில்லை. அவன் ஸ்டூடியோ பக்கமே வந்ததில்லை. பெட்ரீசியாவுக்கு அது திட்டமாகத் தெரியும். சால்வைக்குள் இருந்த கையை வெளியே எடுத்து அந்தக் கண்ணாடிக்குப் பக்கத்தில் நீட்டினால் போதும், வேறு பேச்சே வேண்டாம். படம் அவளுக்குக் கிடைத்துவிடும். உடம்பு கிடைத்துவிடும். எனக்கு மட்டும் ஆசை இருக்கக்கூடாதா என்று உள்ளே ஆங்காரமாக வந்தது. வாழ்நாள் பூராவும் கொடுத்தேனே, ஒருத்தியாவது திருப்பிக் கொடுத்தால் என்ன குறைந்துபோகும்?

குமுதா பதிலுக்காகக் காத்து நின்றாள். ஒரு விரல் அந்த மங்கிய கண்ணாடியிலேயே இருந்தது.

“ஆமாக்கா” என்றாள் பெட்ரீசியா. “உங்கண்ணன்தான் கொண்டாந்து குடுத்தாரு. கல்யாணப் படம். உங்கம்மா கையேதான்.”

“அப்பாடா!” குமுதா நெஞ்சில் கை வைத்துக்கொண்டு சிரித்தாள், கண்ணைத் துடைத்தாள். “ஒரு நிமிஷம் பயந்தே போயிட்டேன். தம்பி என்னவோ சொல்ல வந்தாரே?”

“கை எவ்ளோ அழகா விழுந்திருக்குன்னு சொல்ல வந்தான். நான் செஞ்ச வேலையிலேயே நல்லா வந்தது இதுதான்க்கா. சாகறதுக்குள்ள ஒருதரம் பாத்துட்டுப் போகலாம்னு வந்தேன். ஸ்கேனெல்லாம் வேணாம், பாத்துட்டேன்.”

கிளம்பும்போது குமுதா அவளைக் கட்டிக்கொண்டாள். ரெண்டு கையையும் பிடிக்க வந்தாள். பெட்ரீசியா வலது கையை மட்டும் கொடுத்தாள். இடதுக்கு வலி என்றாள். “பரவால்ல, பரவால்ல. ஏதாச்சும்னா சொல்லி அனுப்புங்க தங்கச்சி, நான் கண்டிப்பா வாரேன்” என்று குமுதா வாசல்வரை வந்து கை காட்டினாள்.

செம்பனைக் காட்டைத் தாண்டியதும் கால்வின் ஸ்டியரிங்கில் அறைந்தான். “உனக்கென்னக்கா பைத்தியமா? அதுக்குத்தானே இவ்ளோ தூரம் வந்தோம்!”

“எனக்கு வேணும்டா” என்றாள் பெட்ரீசியா. “எனக்கு வேணாம்னு நெனச்சியா? வயிறு எரியுதுடா எனக்கு.” ஈப்போ வரும்வரை அழுதுகொண்டே வந்தாள். கால்வின் வழியில் ஒருதரம் காரை நிறுத்தி, தண்ணீர் வாங்கிக் கொடுத்தான்.

வீட்டுக்கு வந்த மூன்றாம் நாள் வலேரியை லேப்டாப்போடு வரச் சொன்னாள். டிங்கென்று மணி அடித்துப் பழைய சாஃப்ட்வேர் திறந்தது. தன் ஐசியை ஸ்கேன் பண்ணச் சொல்லி, முகத்தில் விழுந்திருந்த கோடுகளை ஒவ்வொன்றாக முத்திரை குத்தி எடுத்தாள். நடுவில் ரெண்டு தரம் படுத்து எழுந்தாள். கழுத்தோடு படம் முடிந்தது.

“வேற ஒடம்பு வேணாமா அத்தை? நீங்க சொல்ற மாதிரியே ஊதாப் பட்டுல செஞ்சி தரேன்.”

“வேணாம். அந்த ஊதாவ பாத்தா குமுதாக்கா கண்டுபுடிச்சிருவாங்க. பச்சை கட்டினா அந்தக் கேப்ரியல் வந்து நிப்பான். என் ஒடம்ப வாங்கின அத்தன வீட்டு ஆளும் என் சாவுக்கு வரும். இது போதும்.” மூடும்போது அது சேமிக்கவா என்று கேட்டது. வேறு பேர் கொடுத்துச் சேமித்தாள்.

அன்றைக்குச் சாயங்காலம் கால்வின் கஞ்சி கொண்டுவந்தான். நாலு வாய் குடித்துவிட்டு, கோப்பையை ஒதுக்கி, அவனைப் பக்கத்தில் உட்காரச் சொன்னாள். வீங்கிய இடது கையைத் தூக்கி மடியில் வைத்து, அதன் மேல் வலது கையைப் போட்டுக் காட்டினாள்.

“நல்லா பாத்துக்க. பெட்டியில வைக்கும்போது இந்தக் கைதான் மேல இருக்கணும். ஜெபமாலையை ரெண்டு சுத்தாச் சுத்திடு. இடது கை அடியிலயே இருக்கட்டும். யாரு என்ன சொன்னாலும் மாத்தக்கூடாது.”

“ஏன்க்கா?”

“குமுதாக்கா வருவாங்கடா” என்றாள்.